விடுப்பு முடிந்து திரும்பும் நாள்

எங்கள் ஆபீசில் சம்பள பில் போடுவது ஒரு ஆளின் வேலை இல்லை, ஒரு செல்போனின் வேலை. சம்பள போர்ட்டலுக்குள் போக ஐடி வேண்டும், பாஸ்வேர்டு வேண்டும், அதற்குப் பிறகு செல்போனுக்கு வரும் ஆறு இலக்க ஓடிபி வேண்டும். அந்த ஓடிபி யார் போனுக்கு வருகிறதோ அவர்தான் மாதக் கடைசியில் ராஜா. ஆபீசர்கூட அவரிடம் கொஞ்சம் பணிந்துதான் பேசுவார். நான் மாறுதலில் அங்கே போன நாளிலிருந்து அந்த ராஜாங்கம் அக்காவிடம் இருந்தது.

எந்தத் துறை, எந்த ஆபீஸ் என்று சொல்லப்போவதில்லை. திருவரங்குளத்துக்கு அங்கிட்டு, புதுக்கோட்டை மாவட்டத்தில், முப்பத்தொரு பேர் சம்பளம் வாங்கும் ஒரு அரசு ஆபீஸ். அவ்வளவு போதும். அக்கா என்றால் கூடப் பிறந்தவள் இல்லை, பக்கத்து மேசைக்காரி. ஓய்வு பெற இன்னும் ஐந்து வருடம் இருந்தது. கீரமங்கலம் பக்கத்திலிருந்து சிவப்பு ஸ்கூட்டியில் வருவாள். அவள் வீட்டுக்காரர் பூ விவசாயம். கனகாம்பரமோ மல்லிகையோ, அன்றைக்கு என்ன பறித்தார்களோ அதில் ஒரு முழம் வாழை இலையில் மடித்து எனக்கு வந்துவிடும். தலைவலி, பூ வேண்டாம் என்று நான் சொன்னால், "தலவலிக்கும் பூவுக்கும் என்னாடி சம்பந்தம், வையி" என்று அவளே வைத்துவிடுவாள்.

அவளுடைய பாஸ்வேர்டு ஆபீசில் எல்லாருக்கும் தெரியும். மகளின் செல்லப் பெயரும் பிறந்த வருடமும். பாஸ்வேர்டை யாருக்கும் சொல்லக்கூடாது என்று சுற்றறிக்கை வரும். வரிசையாகக் கையெழுத்துப் போடுவோம். போட்ட பேனாவை மூடுவதற்குள் யாராவது அக்கா ஐடியில் உள்ளே போயிருப்பார்கள். அக்கா லீவு என்றால் நான் அவளுக்குப் போன் பண்ணுவேன். குழம்பைக் கிண்டிக்கொண்டே நம்பரைச் சொல்வாள். "சீக்கிரம் அடிடி, ரெண்டு நிமிசந்தான்" என்பாள். தப்புதான். ஆனால் யாரும் அதைத் தப்பாக நினைக்கவில்லை. வேலை நடந்தது.

என் பெயரிலேயே அக்ஸஸ் கேட்டு வாங்கச் சொல்லி அக்கா எத்தனையோ முறை சொல்லியிருக்கிறாள். நான் கேட்கவில்லை. அதற்கு ஒரு காரணம் இருந்தது, சிரிப்புக்குரிய காரணம். முன்பு நான் இலுப்பூரில் வேலை பார்த்தபோது எங்கள் விவரங்களையெல்லாம் கம்ப்யூட்டரில் ஏற்றினார்கள். செல்போன் எண் என்ற கட்டத்தில் நான் என் கணவர் நம்பரை எழுதிக் கொடுத்தேன். நான் மட்டுமில்லை, அந்த ஆபீசில் இருந்த பெண்கள் முக்கால்வாசிப் பேர் அப்படித்தான் எழுதினோம். ரேஷன் கார்டுக்கும் அந்த நம்பர், கேஸ் சிலிண்டருக்கும் அந்த நம்பர், பிள்ளை ஸ்கூலுக்கும் அந்த நம்பர். கை தானாக எழுதிவிட்டது. அப்புறம் அவர் மஸ்கட் போனார். கொஞ்ச நாள் அந்த சிம்மை அங்கேயும் வைத்திருந்தார். என் சம்பளம் ஏறிய செய்தி அவருக்குப் போகும். அவர் அங்கிருந்து எனக்குப் போன் பண்ணி, "சம்பளம் வந்துருச்சு" என்பார்.

அக்கா இதைக் கேட்டு மேசையைத் தட்டித் தட்டிச் சிரித்தாள். "நீ இங்கிட்டு ஒக்காந்து வேல பாக்குற. சேதி கடலத் தாண்டிப் போயிட்டு ஒனக்கு வருது. நல்லாருக்குடி ஒன் உத்தியோகம்!" அவள் மட்டும் சொந்த நம்பர் கொடுத்திருந்தாள். அதில் அவளுக்குப் பெருமை. பிறகு என் கணவர் அந்த சிம்மையும் விட்டுவிட்டார். நம்பர் வேறு யாருக்கோ போய்விட்டது. ஒருநாள் அடித்துப் பார்த்தேன். லாரி ஓட்டுகிறவர் போல, ஹாரன் சத்தத்துக்கு நடுவில் என்னைத் திட்டிவிட்டு வைத்தார். அதை மாற்ற வேண்டுமென்றால் என் பதிவு முதலில் ஏறிய இலுப்பூர் ஆபீசுக்கே போய், நம்பர் என்னுடையது இல்லை என்று எழுதிக் கொடுத்து, அவர்கள் கடிதத்தோடு கருவூலத்துக்குப் போக வேண்டும். அங்கே போய் எந்த முகத்தோடு இதைச் சொல்வது என்று விட்டுவிட்டேன். அக்காதான் இருக்கிறாளே.

கார்த்திகை மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை அக்கா பூப்பறிக்கும் இடத்திலேயே மயங்கி விழுந்தாள். மூளையில் ரத்தக்கசிவு. செவ்வாய்க்கிழமை போய்விட்டாள். வேன் பிடித்து எல்லாரும் போனோம். அவள் தோட்டத்துப் பூவையே அவளுக்குப் போட்டிருந்தார்கள். நான் அழுத அழுகையைப் பார்த்து யாரோ ஒரு பெண், "தங்கச்சியா?" என்று கேட்டாள். ஆமாம் என்று தலையாட்டினேன்.

அடுத்த வாரம் ஆபீசர் என்னைக் கூப்பிட்டார். நல்ல மனிதர், ரிட்டயராக எட்டு மாதம் பாக்கி. கதவைச் சாத்தச் சொன்னார்.

"ஏம்மா, அவங்க இறந்த தேதிய சிஸ்டத்துல ஏத்தணும்ல?"

"ஆமாங்க சார். ஏத்துனாத்தான் குடும்ப பென்ஷன் பேப்பர் நகரும்."

"ஏத்துனா அவங்க ஐடி என்னாகும்?"

"மூடிக்கிரும் சார்."

"பில்லு யாரு போடுறது? ஒனக்கு அக்ஸஸ் இல்ல. வேற ஆளும் இல்ல. முப்பது பேரு சம்பளம். ஒரு மாசந்தாம்மா. ஒன் பேருக்கு இன்னைக்கே கேட்டு எழுதிருவோம். அது வர்ற வரைக்கும் ஐடி உயிரோட இருக்கட்டும்."

சொன்ன பிறகுதான் தான் சொன்னது அவருக்கே உறைத்தது. கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். நான் வேண்டாம் சார் என்று சொல்லியிருக்கலாம். எனக்கும் மாதக் கடைசியில் வீட்டுக் கடன் தவணை இருந்தது. வாயை மூடிக்கொண்டு வந்துவிட்டேன்.

அவளுக்குச் சம்பளம் போய்விடக்கூடாது, அது பெரிய வம்பு. அதனால் சம்பளம் இல்லாத மருத்துவ விடுப்பு போடுவது என்று முடிவானது. செத்தவளுக்கு லீவு. அதை நான்தான் போட்டேன். அவள் நாற்காலியில் உட்கார்ந்து, அவள் மகளின் செல்லப் பெயரை அடித்து, அவள் ஐடியில் உள்ளே போய் அவளுக்கே லீவு எழுதினேன்.

அதற்கு ஓடிபி வேண்டுமே. அக்காவின் நம்பருக்கு அடித்தேன். என் போனில் 'அக்கா' என்று வந்தது. அவள் வீட்டுக்காரர் எடுத்தார். அக்கா என்று கூப்பிட்டவளின் புருசனை அண்ணே என்று கூப்பிடுவது முறையில்லைதான். ஆபீஸ் உறவுக்கு முறை ஏது, எப்போதும் அண்ணே என்றே கூப்பிட்டுப் பழகிவிட்டது.

"அண்ணே, இப்ப இந்தப் போனுக்கு ஒரு நம்பர் வரும். அத மட்டும் சொல்லுங்கண்ணே."

"அவ பேப்பருக்காம்மா?"

"ஆமாண்ணே."

ஏன் ஆமாம் என்றேன்? வேறு எதைச் சொல்லியிருந்தாலும் கொஞ்சம் விளக்க வேண்டியிருந்திருக்கும். விளக்கினால் எனக்கே வெட்கமாக இருந்திருக்கும். 'ஆமாண்ணே' சுலபமாக வந்தது.

தோட்டத்தில் சிக்னல் கிடையாது. "இரும்மா, மோட்டார் கொட்டகைக்கிட்ட போயிக்கிறேன்" என்று நடந்தார். மூச்சு வாங்கும் சத்தம் எனக்குக் கேட்டது. பிறகு கண்ணாடியைத் தேடினார். ஒவ்வொரு எண்ணாக, நடுவில் நிறுத்தி நிறுத்திச் சொன்னார். முடித்த பிறகு, "சரியா இருக்காம்மா?" என்று கேட்டார்.

உள்ளே போனேன். விடுப்பு வகை, காரணம், தொடங்கும் நாள் எல்லாம் அடித்தாயிற்று. கடைசியில் ஒரு கட்டம்: விடுப்பு முடிந்து திரும்பும் நாள். அதை அப்படியே விட்டுவிட்டு அனுப்பினேன். போகவில்லை, கட்டம் சிவப்பாகிவிட்டது. தேதி இல்லாமல் விடாது. அடுத்த மாத முதல் வாரத்தில் ஒரு நாளைப் போட்டேன். அது ஞாயிற்றுக்கிழமையா என்று காலண்டரைப் பார்த்து, திங்கட்கிழமைக்கு மாற்றினேன். ஞாயிற்றுக்கிழமை அவள் எதற்கு வர வேண்டும் என்று அந்த நேரத்தில் எனக்குத் தோன்றியிருக்கிறது. என் மூளை எப்படி வேலை செய்தது என்று இன்றைக்கும் எனக்குப் புரியவில்லை.

சம்பளம் எல்லாருக்கும் ஏறியது.

என் பெயருக்கு அக்ஸஸ் கேட்டு எழுதிய விண்ணப்பம் பத்து நாளில் திரும்பி வந்தது. கருவூலத்தில் கவுண்டரில் இருந்த பெண் நல்லபடியாகத்தான் சொன்னாள். "மேடம், ஒங்க பதிவுல இருக்குற நம்பரும் நீங்க எழுதுன நம்பரும் மேட்ச் ஆகலைங்க. அத மாத்திட்டு வந்தீங்கன்னா ஒடனே போட்டுத் தந்துருவேன்." நம்பரை மாற்றத்தான் இலுப்பூர் போக வேண்டும். நான் ஆபீசுக்குத் திரும்பி வந்து, "கருவூலத்துல கெடக்கு சார்" என்றேன். அது என் இரண்டாவது பொய். ஆபீசர், "அவங்க எப்பவுமே இப்படித்தான்" என்று கருவூலத்தைத் திட்டினார். திட்டட்டும் என்று விட்டுவிட்டேன்.

ஒரு மாதம் என்றது இரண்டாகி, மூன்றாகியது. ஒவ்வொரு மாதமும் இருபதாம் தேதிக்கு மேல் அண்ணனுக்குப் போன் பண்ணுவேன். ஒவ்வொரு மாதமும் அக்காவின் லீவை நீட்டித்துப் புதிதாக ஒரு திரும்பும் நாள் போடுவேன். அவரும் பழகிவிட்டார். முதல் மணியிலேயே எடுப்பார். என் குரலைக் கேட்டதும், "இரும்மா, கொட்டகைக்கிட்ட போயிக்கிறேன்" என்பார். நம்பரைச் சொல்லிவிட்டு, "பேப்பர் போயிக்கிட்டு இருக்காம்மா?" என்பார். "போயிக்கிட்டு இருக்குண்ணே" என்பேன்.

இலுப்பூருக்கு ஏன் போகவில்லை என்று என்னையே பலமுறை கேட்டிருக்கிறேன். வெட்கம் என்று சொல்லிக்கொள்வேன். முழுசாக வெட்கம் இல்லை. அக்கா ஐடியில் சம்பளம் வந்துகொண்டிருந்தது, எனக்கு என்ன அவசரம்? என் பெயரில் அக்ஸஸ் வந்தால் தப்பு நடந்தால் என் தலையில் விழும். அக்கா ஐடியில் நடந்தால் அவளை யார் வந்து கேட்கப்போகிறார்கள்? இவ்வளவு கேவலமாக நான் யோசித்தேன் என்பதை இங்கே எழுதி வைக்கிறேன். என்னை நல்லவள் என்று நினைக்கிறவர்கள் தெரிந்துகொள்ளட்டும்.

மாசி மாதத்தில் ஒருநாள் ஆலங்குடியில் பஸ்ஸுக்காக நின்றிருந்தேன். சிவப்பு ஸ்கூட்டி ஒன்று எதிரே போனது. பின்னால் இடது பக்கம் கீறல், அதன்மேல் அக்காவின் மகள் சின்ன வயதில் ஒட்டிய பட்டாம்பூச்சி ஸ்டிக்கர். அக்கா என்று வாய் திறந்துவிட்டேன். ஓட்டிப்போனது வேறொரு பெண். முன்னால் மளிகைப் பை தொங்கியது.

அன்றைக்கே அண்ணனைக் கூப்பிட்டேன். "வண்டிய வித்துட்டீங்களாண்ணே?"

"ஆமாம்மா. புள்ளைக்கு நர்சிங் காலேசுல பீஸ் கட்டணும்ல. அவ பென்ஷன் வந்தா வேற வாங்கிக்கலாம். நீயும் பாத்துக்கிட்டுத்தான இருக்க." அவர் குத்திக் காட்டவில்லை. சாதாரணமாகத்தான் சொன்னார். அதுதான் எனக்குத் தாங்கவில்லை. பஸ்ஸில் வரும் வழியெல்லாம் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு அழுதேன்.

மறுநாள் லீவு போட்டுவிட்டு இலுப்பூர் போனேன். அங்கே யாரும் சிரிக்கவில்லை. "இன்னும் நாலு பேரு இதே மாதிரி வந்தாங்க மேடம்" என்று அந்த கிளார்க் சொன்னார். பதினொன்றரைக்குக் கடிதம் கையில் வந்துவிட்டது. மதியம் கருவூலம். கவுண்டரில் இருந்த அதே பெண் நம்பரை மாற்றி, விண்ணப்பத்தையும் ஏற்றினாள். இரண்டாம் நாள் என் போனுக்கு, என் சொந்தப் போனுக்கு, முதல் ஓடிபி வந்தது. மூன்று மாதம் நான் போகாமல் இருந்தது ஒரே ஒரு நாளில் முடியும் வேலைக்கு.

என் ஐடியில் நான் செய்த முதல் வேலை அக்காவின் இறப்பை ஏற்றியது. அதற்கு முன்னால் அவளுடைய லீவை ரத்து செய்யச் சொல்லி சிஸ்டம் கேட்டது. ரத்து செய்தேன். இறந்த தேதியை அடித்தேன். உறுதிதானா என்று ஒரு கேள்வி வந்தது. ஆபீசர் எனக்குப் பின்னால் நின்றிருந்தார். "அடிம்மா" என்றார். அடித்தேன். அன்று மதியமே பென்ஷன் கருத்துரு தயாரித்து, வாரிசுச் சான்றோடு சேர்த்து அனுப்பினோம்.

அந்த ஞாயிற்றுக்கிழமை கீரமங்கலம் பஸ் ஏறி அண்ணன் வீட்டுக்குப் போனேன். உட்காருவதற்கு முன்பே சொல்லிவிட்டேன், உட்கார்ந்தால் சொல்லமாட்டேன் என்று எனக்குத் தெரியும். நான் கேட்ட நம்பர் அக்கா பேப்பருக்கு இல்லை, எங்கள் சம்பளத்துக்கு. அதற்காகத்தான் அவள் பேப்பர் மூன்று மாதம் கிடந்தது. ஆபீசர் மேலும் தப்பு, ஆனால் சீக்கிரம் முடித்திருக்கக்கூடியது நான்தான். எல்லாவற்றையும் ஒரே மூச்சில் கொட்டினேன்.

அவர் பூச்சரத்துக்கு நார் கிழித்துக்கொண்டிருந்தார். நிறுத்தவில்லை.

"தெரியும்மா" என்றார்.

"என்னாண்ணே தெரியும்?"

"அவ இருந்தப்ப லீவுல வீட்டுல இருந்தாலும் இருவது தேதிக்கு மேல இதே மாதிரி நம்பருதான வரும். சம்பள பில்லுன்னு எனக்குத் தெரியாதா? பக்கத்துலயே ஒக்காந்திருப்பேன்ல."

"அப்பறம் ஏண்ணே எங்கிட்ட ஒண்ணும் கேக்கல?"

"கேட்டா நீ கூப்புட மாட்டேல்ல."

நான் எதிரே உட்கார்ந்தேன். சுவரில் அக்காவின் படம் இருந்தது, ஆபீஸ் அடையாள அட்டைக்கு எடுத்த அதே படம். அவர் உள்ளே போய் அக்காவின் போனை எடுத்து வந்தார். திரை நன்றாகத் துடைத்திருந்தது, சார்ஜ் நிறைய இருந்தது. ஒரு மெசேஜைத் திறந்து என்னிடம் நீட்டினார். இங்கிலீஷில் இருந்தது. உங்கள் விடுப்பு ஏற்கப்பட்டது, இந்தத் தேதியில் பணிக்குத் திரும்ப வேண்டும். நான் போட்ட திங்கட்கிழமை. நான் லீவு போட்டால் அந்தப் போனுக்கு மெசேஜ் போகும் என்று எனக்கு ஒருநாளும் தோன்றவில்லை.

"மகதான் படிச்சுச் சொன்னா. ஆபீசுல ஏதோ கணக்குக்குப் போட்டிருப்பாங்க அப்பான்னா. எனக்கும் தெரியுந்தான். நாந்தானம்மா கொள்ளி வச்சேன், தெரியாதா?" நாரைக் கீழே வைத்தார். "ஆனா அந்தத் திங்கக்கெழம காலைல எந்திரிச்சு வண்டியத் தொடச்சு வெளிய எடுத்து வச்சிட்டேன். அவ கெளம்பறப்ப தெனமும் நாந்தான் எடுத்து வைப்பேன். மக வந்து பாத்துட்டு அழுதா. ஏம்ப்பா இப்புடிப் பண்றீங்கன்னு. அடுத்த மாசமும் ஒரு தேதி வந்துச்சு. அன்னைக்கும் எடுத்து வச்சேன். மூணாவது தேதி வரவுந்தான், இது சரிப்படாதுன்னு வண்டிய வித்துட்டேன். பீசு ஒரு பக்கந்தாம்மா."

எனக்கு அவர் காலில் விழ வேண்டும்போல இருந்தது. விழவில்லை. அழுகை மட்டும் வந்தது. அவர் உள்ளே பார்த்து மகளிடம் எனக்குக் காபி போடச் சொன்னார். குடித்துவிட்டுத்தான் போக வேண்டும் என்றார். குடித்தேன். கிளம்பும்போது ஒரு முழம் மல்லிகையை வாழை இலையில் மடித்துக் கையில் கொடுத்தார். "அவ இருந்தா குடுத்துவிடுவா" என்றார்.

சித்திரை கடைசியில் குடும்ப பென்ஷன் ஆர்டர் வந்தது. தாளைக் கையில் வைத்துக்கொண்டே அக்காவின் நம்பருக்கு அடித்தேன். என் போனில் இன்னும் 'அக்கா' என்றுதான் இருக்கிறது, மாற்றவில்லை. முதல் மணியிலேயே எடுத்தார். நான் வாய் திறப்பதற்குள், "இரும்மா, இரும்மா, கொட்டகைக்கிட்ட போயிக்கிறேன்" என்றார். செருப்பு மண்ணில் இழுபடும் சத்தம், மூச்சு வாங்கும் சத்தம், கண்ணாடிக் கூடு திறக்கும் சத்தம். "ம்... இன்னும் வரலையேம்மா. திரும்ப அனுப்பச் சொல்லு" என்றார்.

ஆர்டர் வந்துவிட்டது என்று சொல்லத்தான் கூப்பிட்டேன். அதைச் சொல்ல எனக்குக் கொஞ்ச நேரம் ஆனது. அதுவரைக்கும் அவர் நம்பருக்காகக் காத்துக்கொண்டு நின்றார்.